கல்லறைப்பூக்காரி

கீழவைப்பாரில் ஞானசௌந்தரியின் வாய்க்குப் பயப்படாதவர்கள் இரண்டே பேர்தான். ஒருவர் பங்குச் சாமியார். வடக்கேயிருந்து வந்த அவருக்கு இந்தக் கடற்கரைப் பேச்சு பாதி விளங்காது. இன்னொருவர் அவள் புருஷன் விக்டர். சங்கு குளிக்கப் போய் ஒரு காதைக் கடலுக்குக் கொடுத்துவிட்டு வந்த மனுஷன். வீட்டில் சத்தம் கூடினால் மிச்சக் காதும் தானாக அடைத்துக்கொள்ளும். மற்றபடி விளாத்திகுளம் சந்தையில் பெரிய பெரிய வியாபாரிகளே அவளிடம் அளந்துதான் பேசுவார்கள். ஒரு நாள் ஒருவன் அவள் கூடையை எட்டிப் பார்த்து, “என்னளா, கருவாடு ஒரு மாதிரி வீசுதே?” என்று இழுத்தான். “மணக்கணும்னா மல்லியப்பூ வாங்கிக் கொழம்பு வையும், அண்ணாச்சி” என்றாள். சந்தையே சிரித்தது. அன்றைக்கு அவள் கூடைதான் முதலில் காலியானது.

வாய் அப்படி என்றால் உழைப்பு அதற்கு மேல். விடியுமுன் கருவாட்டுக் கூடையோடு பஸ் ஏறுவாள். திரும்பி வந்து தண்ணீர் சுமப்பாள், கிழிந்த வலை பொத்துவாள், சண்டை என்றால் அதையும் விடமாட்டாள். மகள் பிளாரன்சைத் தையல் படிக்க வைத்தாள். பிளாரன்சுக்கு முன்னால் ஒரு பையன் பிறந்தான். லூர்து. மூன்று வயதில் காய்ச்சல் கண்டு, தூத்துக்குடி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிற வழியில், பஸ்ஸிலேயே அவள் மடியில் அடங்கிப்போனான். அதைப்பற்றி மட்டும் அவள் வாய் திறக்கமாட்டாள். ஊரும் அவளிடம் கேட்டதில்லை.

எழுபத்து மூன்றாம் ஆண்டு மழைக்கு முன்னால் ஊருக்குள் ஒரு லாரி வந்தது. அதிலிருந்து இறங்கியவர் தளவாய் என்கிற ஏஜெண்டு. தூத்துக்குடியில் கப்பலுக்குச் சரக்கு அனுப்புகிற ஒரு கம்பெனிக்காக ஊர் ஊராகச் சுற்றுகிறவர். நேரே டீக்கடைக்குப் போனார்.

“இங்கன நித்தியகல்யாணி மண்டிக் கெடக்குன்னு சொன்னாவளே, எந்தப் பக்கம்?”

கடையில் இருந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். அப்படி ஒரு செடியை யாரும் கேள்விப்பட்டதில்லை. தளவாய் சட்டைப் பையிலிருந்து ரோஸ் நிறத்தில் ஐந்து இதழ்ப் பூ ஒன்றை எடுத்து மேசையில் வைத்தார். அவ்வளவுதான். கடைக்காரர் டீ ஆற்றுவதை விட்டுவிட்டுக் கையால் சிலுவை போட்டுக்கொண்டார்.

“அட பாவி மனுஷா! கல்லறைப்பூவையா பையில போட்டுக்கிட்டு அலையுதீரு? மொதல்ல அத வெளிய கொண்டுபோய்ப் போட்டுட்டு வாரும்!”

இந்தக் கடற்கரையில் அதற்கு அந்தப் பெயர்தான். வீட்டில் வைக்கமாட்டார்கள், தலையில் வைக்கமாட்டார்கள், கோயில் பீடத்துக்கும் அது ஆகாது. அந்தப் பூவை அறியாமல் பறித்து விளையாடுகிற பிள்ளைக்கு முதுகில் ஒன்று விழும். கல்லறைத் தோட்டத்தில் பூப்பது அங்கேயே இருக்கவேண்டும், வீட்டுக்கு வரக்கூடாது என்பது எழுதாத சட்டம்.

பூவைக் கையில் வைத்துக்கொண்டு பேந்தப் பேந்த விழித்துக்கொண்டிருந்த தளவாயைக் கூடையோடு வந்த ஞானசௌந்தரி பார்த்தாள். பார்த்துவிட்டுச் சும்மா போகிற பிறவியா அவள்?

“அண்ணாச்சி, இந்தப் பூவ வாங்கி என்ன செய்யப் போறீரு? உம்ம ஊர்ல சாவுக்குப் பூ கெடைக்கலியா?”

“பூ எதுக்கு? எலையும் வேரும்தாம்மா வேணும். காயவச்சுக் கப்பல்ல ஏத்துதோம். வெளிநாட்டுல இதுலருந்து மருந்து எடுக்குதான்.”

“யாருக்கு மருந்து?”

“சின்னப் பிள்ளைகளுக்கு. ரத்தத்துல ஒரு நோய் வருதாம். முன்னெல்லாம் அது வந்தா பிள்ளை தேறாதாம். இப்ப இந்த மருந்தக் குடுத்தா சில பிள்ளைக பொழைக்குதாம்.”

ஞானசௌந்தரி கூடையைத் தூக்கிக்கொண்டு நடந்துவிட்டாள். டீக்கடைக்காரருக்கே அது அதிசயமாக இருந்தது.

வீட்டுக்குப் போகவில்லை அவள். கல்லறைத் தோட்டத்துக்குப் போனாள். லூர்தின் சின்னக் குருசைச் சுற்றி அந்தச் செடி முழங்கால் உயரம் நின்று பூத்திருந்தது. அதை நட்டவள் அவள்தான். முதலில் ரோஜா வைத்துப் பார்த்தாள். உப்புக் காற்று கருக்கிவிட்டது. செவ்வந்தி வைத்தாள், ஆடு மேய்ந்துவிட்டது. கருவாட்டுக் கூடையும் கைப்பிள்ளையுமாக அலைந்த அந்த நாட்களில் தினம் வந்து தண்ணீர் ஊற்ற அவளால் முடியவில்லை. கடைசியில் பக்கத்துக் கல்லறையிலிருந்து ஒரு கன்றைப் பிடுங்கி நட்டாள். அது நின்றது. ஆடு வாய் வைக்காது. தண்ணீர் கேட்காது. சித்திரை வெயிலிலும் பூக்கும். கல்லறையில் அது தானாக முளைக்கிறது என்று ஆண்கள் சொல்வார்கள். ஆண்களுக்கு என்ன தெரியும்? அங்கே நின்ற முக்கால்வாசிச் செடிக்குப் பின்னால் ஏதாவது ஒருத்தியின் கை இருந்தது.

மறுநாள் பள்ளிக்கூடத்துக்குப் போய்க் கிருபாநிதி வாத்தியாரைப் பிடித்தாள். நாசரேத்துக்காரர், கிறிஸ்தவர்களில் வேறு சபை, ஆனாலும் ஊரில் எல்லாருக்கும் வேண்டியவர். ஏஜெண்டு சொன்னது நிஜமா, பொய்யா என்று கேட்டாள்.

“நிஜம்தான். நானும் பத்திரிகையில படிச்சேன். இங்கிலீஷ்ல விங்கான்னு சொல்லுவாங்க. திருநெல்வேலிப் பக்கம் பட்டிப்பூன்னு பேரு. எங்க வீட்டுத் தோட்டத்துலேயே நிக்குது, எங்கம்மா அழகுக்கு வச்சிருக்காங்க. ஒண்ணு மட்டும் பார்த்துக்கிடுங்க, மருந்துச் செடின்னா விஷச் செடியும்தான். எலையப் பறிச்ச கையோட சோறு திங்கக் கூடாது.”

“அழகுக்கா சார்?”

“ஆமா. ஏன்?”

“ஒண்ணுமில்ல சார்” என்றாள். ஒரு ஊரில் அழகுக்கு வைப்பது இன்னொரு ஊரில் இழவுக்கு ஆகிவிடுகிறதே என்று வழியெல்லாம் நினைத்துக்கொண்டு வந்தாள்.

அந்த வாரமே வேலையைத் தொடங்கிவிட்டாள். வீட்டு முற்றத்திலிருந்து பனங்காட்டு வேலி வரைக்கும் சும்மா கிடந்த மணல் தரை அவர்களுடையதுதான். உடைமரத்தையும் முள்ளையும் வெட்டி எறிந்தாள். கல்லறைத் தோட்டத்தில் முற்றிய காய்களாகப் பார்த்து விதை எடுத்தாள். ஒரு செடியைக்கூடப் பிடுங்கவில்லை. விக்டர் கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்தார்.

“ஏளா, ஊரு என்ன சொல்லும்?”

“உமக்குத்தான் காது கேக்காதே, பிறவு என்ன?”

ஊர் சும்மா இருக்குமா? நாற்று முளைத்து, வளர்ந்து, முதல் பூ பூத்ததும் குமுறிவிட்டது. கல்லறையைக் கொண்டுவந்து முற்றத்தில் வைத்திருக்கிறாள் என்றார்கள். பக்கத்து வீட்டு ஆடு செத்ததற்கும் அவள்தான் காரணம் என்றார்கள். கடலில் மீன் படாததற்கும் அதுதான் காரணம் என்றார்கள். நாலைந்து பெரிய மனிதர்கள் சேர்ந்துபோய்ப் பங்குச் சாமியாரிடமே முறையிட்டார்கள்.

“கல்லறையைத் தோண்டினாளா?” என்று கேட்டார் சாமியார்.

“இல்ல சாமி.”

“குருசை உடைத்தாளா?”

“அதெல்லாம் இல்ல சாமி. வெதை எடுத்துட்டா.”

“நாளைக்குக் காற்று அந்த விதையைத் தூக்கிக்கொண்டு போனால், காற்றையும் பிடித்துக்கொண்டு என்னிடம் வருவீர்களா? போய் வலையைப் பாருங்கள்.”

பெரிய மனிதர்கள் போய்விட்டார்கள். பெயர் மட்டும் நிலைத்துவிட்டது. அன்றிலிருந்து அவள் கல்லறைப்பூக்காரி. குழாயடியில் ஒருத்தி அவள் காதில் விழும்படியே அப்படிச் சொன்னாள். ஞானசௌந்தரி குடத்தை இறக்கி வைத்தாள்.

“ஆமாளா, கல்லறைப்பூக்காரிதான். நீ போற அன்னைக்கும் எங்கிட்டதான் பூவுக்கு வரணும். இப்பவே மரியாதையாப் பேசி வச்சுக்கோ.”

அதற்குப் பிறகு முகத்துக்கு நேரே யாரும் சொல்லவில்லை. அவளுக்கென்ன, செடி நன்றாக வந்தது. தாசில்தார் வீட்டு ரோஜாவை வளர்க்கிற மாதிரி அதை வளர்த்தாள். இலையைப் பறித்து, வெயில் படாமல் நிழலில் உலர்த்தி, சாக்கில் அமுக்கினாள். தளவாய் வந்து பார்த்துவிட்டு, இத்தனை சுத்தமான சரக்கை இந்தக் கரையில் பார்த்ததில்லை என்றார். முகஸ்துதி என்று நினைத்து அவள் நம்பவில்லை. சரக்கு எங்கே போகிறது என்று கண்ணால் பார்க்கவேண்டும் என்று லாரியிலேயே ஏறிக்கொண்டாள்.

தூத்துக்குடியில் கடற்கரையை ஒட்டிக் கம்பெனியின் சரக்குக் கிட்டங்கி இருந்தது. பெண்கள் வரிசையாக உட்கார்ந்து இலையில் தூசி தும்பு பொறுக்கிக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குத் தலைமை சங்கரம்மாள் என்கிற பருத்த பெண்மணி. ஞானசௌந்தரியைப் பக்கத்தில் உட்காரவைத்து, “ஒங்க ஊரு நித்தியகல்யாணியா இது? எலை என்னமா இருக்கு!” என்றாள்.

“நீங்க இத வீட்டுல வைப்பியளா?”

“பின்ன? எங்க வீட்டு வாசல்லயே நிக்குது. வெடியக்காலம் பறிச்சுப் பிள்ளையாருக்கு வச்சிட்டுத்தான் அடுப்பப் பத்த வைப்பேன். நித்தமும் பூக்கும்லா, வீட்டுல நித்தமும் கல்யாணக் களை. அதாம் அந்தப் பேரு.”

“எங்க ஊருல இதுக்குப் பேரு கல்லறைப்பூ. செத்தவங்க தலைமாட்டுல மட்டுந்தான் நிக்கும்.”

சங்கரம்மாள் கையிலிருந்த இலையை ஒரு நிமிஷம் பார்த்தாள். முகம் சுளிப்பாள் என்று ஞானசௌந்தரி எதிர்பார்த்தாள். அவளோ, “செத்தவங்களுக்கும் நித்தம் பூ வேணும்லா? யாரு போயி தெனம் வைக்க முடியும்?” என்றுவிட்டு மறுபடி தூசி பொறுக்கத் தொடங்கினாள். ஞானசௌந்தரிக்கு அந்தப் பெண்ணைக் கட்டிக்கொள்ளவேண்டும் போல இருந்தது. திரும்பி வரும்போது பிள்ளையாருக்காக இரண்டு கன்று தருவதாகச் சொல்லிவிட்டு வந்தாள், அடுத்த முறை கொடுக்கவும் செய்தாள்.

இப்படி மூன்று வருஷம் ஓடியது. பிளாரன்சுக்கு மாப்பிள்ளை வந்தது அப்போதுதான். பையன் பெயர் ரோச். சொந்த ஊர் மணப்பாடு. தூத்துக்குடியில் புதிதாகத் திறந்த துறைமுகத்தில் சரக்குத் தூக்குகிற வின்ச் ஓட்டுகிறான். பிளாரன்ஸ் தூத்துக்குடியில் அத்தை வீட்டில் தங்கித் தையல் படித்தபோது, பக்கத்து வீட்டுக்கு வந்துபோனவன். பெண் பார்த்தது, பேசி முடித்தது எல்லாம் அத்தை வீட்டிலேயே நடந்தது. பையனின் தாய் அமலோற்பவம் கணவனை இழந்தவள், கறார்க்காரி, ஆனால் நேர்மையான பெண்பிள்ளை. பிளாரன்ஸ் தைத்த சட்டையைப் புரட்டிப் பார்த்துவிட்டு, “உள்தையலும் ஒழுங்கா இருக்கு. இவ போதும் எனக்கு” என்று சொல்லிவிட்டாள். ஞானசௌந்தரிக்கு அந்தப் பேச்சே பிடித்துப்போனது. பிளாரன்சுக்கு ரோச்சைப் பிடித்திருந்தது என்பதை அவள் சொல்லவே வேண்டாம், முகத்தில் எழுதி ஒட்டியிருந்தது.

கல்யாணத்துக்கு முன் மூன்று ஞாயிற்றுக்கிழமை பூசையில் ஓலை வாசிக்கவேண்டும். இன்னாருக்கும் இன்னாருக்கும் திருமணம், தடை ஏதும் அறிந்தவர்கள் சொல்லலாம் என்று சாமியார் சபைக்கு அறிவிப்பார். முதல் ஓலையைப் பெண் வீட்டுக் கோயிலில் காதால் கேட்கவேண்டும் என்று அமலோற்பவம் முந்தின நாளே தூத்துக்குடி வந்து, காலை முதல் பஸ்ஸில் கீழவைப்பாருக்கு வந்துவிட்டாள். பூசை முடிந்ததும் சம்பந்தி வீட்டில் சாப்பாடு. வாசல் வரை சிரித்துப் பேசிக்கொண்டு வந்தவள் அங்கேயே நின்றுவிட்டாள்.

மழை பெய்து தெளிந்த ஐப்பசி. ரோசும் வெள்ளையுமாக வேலியிலிருந்து நிலைப்படி வரைக்கும் பூத்துக் குலுங்கியது தோட்டம்.

“இது என்னது?”

“தோட்டம் மயினி. மருந்துக்குப் போடுதோம். வாங்க உள்ள” என்றாள் ஞானசௌந்தரி.

“வீட்டு முத்தமா இது? கல்லறையா?” அமலோற்பவம் எடுத்து வைத்த காலைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள். “இது நிக்குத வாசல்ல எம் மவன் காலு வைக்கமாட்டான். மூணாம் ஓலைக்குள்ள இதப் பிடுங்கி எறியணும். இல்லேன்னா அன்னைக்கு நானே கோயில்ல எந்திச்சு நின்னு தடை சொல்லுவேன். எம் மவனா இருந்தாலும் சரி.”

சாப்பிடாமல் பஸ் ஏறிவிட்டாள். இலை போட்டது போட்டபடி கிடந்தது. தெருவே வேலிக்கு வெளியே நின்று வேடிக்கை பார்த்தது.

விக்டர் அன்றைக்கு இரண்டு காதும் கேட்கிற மனிதராகிவிட்டார். “பிடுங்கிருவோம்ளா. செடிதானே” என்றார். செடிதானாம்! இன்னும் ஒரு மாதம் நின்றால் வேர் முற்றிவிடும். இப்போது பிடுங்கினால் இலையும் ஆகாது, வேரும் ஆகாது, ஒரு வருஷப் பாடு குப்பைக்குப் போகும். ஆனால் அவள் நெஞ்சை அடைத்தது அந்த நஷ்டம் இல்லை. ஒவ்வொரு சாக்கைக் கட்டும்போதும் எங்கேயோ முகம் தெரியாத ஒரு தாயின் மடியில் ஒரு பிள்ளை கண் விழிக்கிறது என்று நினைத்துக்கொள்வாள். அந்த நினைப்பில்தான் மூன்று வருஷமாக ஊர் ஏச்சு அத்தனையும் செமித்தது.

“மாப்பிள்ளையப் பெத்தவகிட்ட ஒரு மாசம் தவணை கேக்கேன்” என்றாள்.

குசினியில் அடுப்புப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்ற பிளாரன்ஸ் அப்போதுதான் வாய் திறந்தாள். “செத்துப்போன அண்ணனுக்கு ஒரு தோட்டமே வச்சிட்டிய. எனக்கு ஒரு வாசலாச்சும் குடுங்கம்மா.”

ஞானசௌந்தரியால் பெண்ணைத் திட்டவும் முடியவில்லை, ஏனென்றால் அவள் சொன்னதில் பொய் இல்லை. அன்றிரவு அவள் சாப்பிடவில்லை.

இரண்டாம் ஓலைக்கு முன்பாகக் கல்லறைத் திருநாள் வந்தது. ஊரெல்லாம் மெழுகுதிரியும் மாலையுமாகக் கல்லறைத் தோட்டத்துக்குக் கிளம்பியது. ஞானசௌந்தரி விடியற்காலையிலேயே லூர்துக்குத் திரி ஏற்றிவிட்டு மணப்பாட்டுக்குப் பஸ் பிடித்தாள். தூத்துக்குடியில் இறங்கி, அடுத்த பஸ்ஸுக்குக் காத்திருந்து, உடம்பெல்லாம் தூசியாகப் போய்ச் சேர்ந்தபோது வெயில் ஏறிவிட்டது. அமலோற்பவம் வீடு பூட்டியிருந்தது. பக்கத்து வீட்டுக்காரி, “கல்லறைக்குப் போயிருக்காவ” என்றாள்.

மணல் மேட்டுக்குக் கீழே, கூட்டத்தை விட்டுத் தள்ளி, ஒரு சின்னக் குருசின் முன்னால் மண்டியிட்டிருந்தாள் அமலோற்பவம். குருசைச் சுற்றி அதே பூ. கறார்க்காரி அந்தச் செடிக்குக் கீழே ஒவ்வொரு களையாக, குழந்தைக்குத் தலை வாருகிற கையோடு, மெதுவாக எடுத்துக்கொண்டிருந்தாள். குருசில் ரீத்தா என்று எழுதியிருந்தது.

ஞானசௌந்தரி பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். அமலோற்பவம் திரும்பிப் பார்த்தாள், திகைத்தாள், மறுபடி களையைப் பிடுங்கினாள்.

“ரோச்சுக்கு மூத்தவ. நாலு வயசு. வாந்தியும் பேதியும் ஒரே நாள்ல கொண்டுபோயிட்டு. வேற என்னத்த வச்சாலும் இந்த மண்ணுல கருகிப்போவுது. இது ஒண்ணுதான் நின்னுச்சு. நான்தான் நட்டேன்.” இன்னொரு களையைப் பிடுங்கிப் போட்டுவிட்டு அவளே சொன்னாள்: “அதான் சொல்லுதேன் ஞானசௌந்தரி. இதப் பாத்தா எனக்கு எம் மவ மொகந்தான் தெரியுது. நாளைக்கு ரோச்சு பெண்டாட்டி வீட்டுக்கு வாரப்ப நானும் வருவேன். வாசல்லேருந்து உள்ள வரைக்கும் எத்தனை ரீத்தாவத் தாண்டி நான் வரணும்? என்னால முடியாது. ஊரு பேச்சுக்காக நான் சொல்லல.”

எத்தனையோ பேச்சை மனதில் அடுக்கிக்கொண்டு வந்திருந்தாள் ஞானசௌந்தரி. மூடநம்பிக்கை என்று சொல்ல வந்தாள், வாத்தியார் சொன்னதைச் சொல்ல வந்தாள், ஒரு மாதத் தவணை கேட்க வந்தாள். எதுவும் வேண்டாமென்று போய்விட்டது. இவளோடு எதற்கு மல்லுக்கட்டுவது? இவளும் தன்னைப் போல ஒருத்திதான்.

“பிடுங்கிருதேன் மயினி” என்றாள். “மூணாம் ஓலைக்குள்ள பிடுங்கிருதேன். நீங்க மனசுல ஒண்ணும் வச்சுக்காதிய.”

இருவரும் சேர்ந்து மிச்சக் களையை எடுத்தார்கள். எழுந்திருக்கும்போது அமலோற்பவம் கேட்டாள்.

“மருந்துக்குன்னு சொன்னியே. என்ன மருந்து?”

“சின்னப் பிள்ளைகளுக்கு. ரத்தத்துல வார நோய்க்கு. கப்பல்ல போவுது.”

“பொழைக்குதா? அந்தப் பிள்ளைக?”

“எல்லாம் இல்ல மயினி. சிலது பொழைக்குதாம்.”

அமலோற்பவம் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு பஸ் நிறுத்தம் வரைக்கும் கூடவே வந்து ஏற்றிவிட்டாள்.

கொடுத்த வாக்கு கொடுத்ததுதான். மூன்றாம் ஓலைக்கு முந்தின நாள் மத்தியானம் ஞானசௌந்தரி சேலையை இழுத்துச் சொருகிக்கொண்டு தோட்டத்தில் இறங்கினாள். நிலைப்படியிலிருந்து தொடங்கினாள். விக்டர் உதவிக்கு வந்தார், வேண்டாம் என்றாள். பிளாரன்ஸ் வந்தாள், அவளையும் உள்ளே போகச் சொன்னாள். வேலிக்கு வெளியே நின்ற பெண்கள், மூன்று வருஷமாகக் கரித்துக்கொட்டிய அதே பெண்கள், “ஐயோ, பூத்துக் கெடக்குத செடிய” என்று வாயில் கை வைத்தார்கள். பாதித் தோட்டம் முடிந்தபோது வானம் இருண்டு மழை பிடித்துக்கொண்டது. பிடுங்கிய செடிகளைக் குவித்துப் போட்டுவிட்டு, மிச்சத்தைக் காலையில் பூசைக்கு முன் முடித்துவிடலாம் என்று உள்ளே வந்தாள். மழை விடிய விடியப் பெய்தது. காலையில் கோயில் மணி அடிக்கிற வரைக்கும் விடவில்லை.

கோயிலுக்குள் நுழைந்தவுடன் பெண்கள் பக்கத்தில் அமலோற்பவம் உட்கார்ந்திருப்பதைப் பார்த்தாள். பஸ்ஸிலிருந்து இறங்கியதும் அவர்கள் வீட்டு வேலிப் பக்கம் போய்ப் பார்க்காமலா வந்திருப்பாள்? அப்படியானால் பாதித் தோட்டம் இன்னும் நிற்பதைப் பார்த்துவிட்டாள். ஞானசௌந்தரி போய்ச் சொல்லிவிடலாம் என்று எழுந்தாள். அதற்குள் பூசை தொடங்கிவிட்டது.

பிரசங்கம் முடிந்து சாமியார் ஓலையை எடுத்தார். “கீழவைப்பார் விக்டர் - ஞானசௌந்தரி மகள் பிளாரன்சுக்கும், மணப்பாடு அமலோற்பவம் மகன் ரோச்சுக்கும், மூன்றாம் முறை. தடை ஏதும் அறிந்தவர்கள்…”

அமலோற்பவம் எழுந்து நின்றாள்.

பிளாரன்ஸ் தாயின் கையைப் பிடித்த பிடியில் கண்ணாடி வளையல் ஒன்று உடைந்தது. மாதாவே, மழைதானே பெய்தது, நான் ஏமாற்றவில்லையே என்று ஞானசௌந்தரி உள்ளுக்குள் கதறினாள்.

“சாமி, கல்யாணத்துக்கு ஒரு தடையும் இல்ல” என்றாள் அமலோற்பவம். குரல் கடைசி வரிசை வரைக்கும் கேட்டது. “எஞ் சம்பந்தி தோட்டத்தப் பிடுங்குதா. நான் சொல்லித்தான் பிடுங்குதா. பாதியப் பிடுங்கிட்டா. மிச்சத்தப் பிடுங்கக் கூடாது, அது பிள்ளைகளுக்கு மருந்து. அதுக்குத்தான் நான் தடை சொல்லுதேன். அத எழுதிக்கிடுங்க.”

சாமியாருக்கு வழக்கம்போலப் பாதி விளங்கவில்லை. கோயில் உபதேசியார் போய்க் காதில் விளக்கிச் சொன்னார். சாமியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு, “அந்தத் தடை ஏற்கப்பட்டது” என்றார். பூசைக்கு நடுவே அந்தக் கோயிலில் சிரிப்புச் சத்தம் கேட்டது அன்றைக்குத்தான். சிரித்த பெண்களில் பாதிப் பேர் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள். ஏன் என்று அவர்களுக்குத் தெரியும். அவரவர் நட்ட செடி அவரவருக்குத் தெரியும்.

பூசை முடிந்து காப்பி குடிக்கக்கூட நிற்கவில்லை அமலோற்பவம். நேரே தோட்டத்துக்கு வந்தாள். மழையில் நனைந்து கிடந்த குவியலிலிருந்து ஒரு செடியை எடுத்து வேரைப் புரட்டிப் பார்த்தாள்.

“வேரு காயல. ஈரத்தோட நட்டா பிடிச்சுக்கிடும். மம்பட்டி எங்கன இருக்கு?”

கோயிலுக்கு உடுத்தி வந்த நல்ல சேலையை முழங்கால் வரைக்கும் தூக்கிச் சொருகிக்கொண்டு, நிலைப்படிக்கு அருகிலேயே குழி தோண்டினாள். ஒரு செடியை நிறுத்தி, மண்ணைத் தள்ளி, உள்ளங்கையால் அழுத்தினாள்.

“இது ரீத்தாவுக்கு” என்றாள். “நான் வாரப்ப வாசல்ல நிக்கட்டும்.”

ஞானசௌந்தரி இன்னொரு செடியை எடுத்துக்கொண்டு அவள் பக்கத்தில் சேற்றில் உட்கார்ந்தாள். இருபது வருஷமாக யார் முன்னாலும் அழாதவள், தெரு முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்க வாய் விட்டு அழுதாள்.

“கொஞ்சம் தள்ளித் தோண்டுங்க மயினி. எம் மவன் லூர்துக்கும் எடம் வேணும்.”